வாய்தாவுக்குப் போகாததால் அக்காவின் ஜீவனாம்ச வழக்கு தள்ளுபடி. இனி என்ன செய்வது?

வலங்கைமான் தங்கை:

எல்லோருக்கும் வணக்கம். கொஞ்சம் நீளமாக எழுதுகிறேன், விவரம் தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

என் அக்கா ஜீவனாம்சம் கேட்டு மனுப் போட்டு மூன்று வருடம் ஆகிறது. இரண்டு பிள்ளைகள். பெரியவள் ஏழாவது படிக்கிறாள், சின்னவன் இரண்டாவது. அத்தான் திருப்பூரில் பனியன் கம்பெனியில் இருக்கிறார். பிள்ளைகளுக்கு நோட்டு வாங்கக்கூட ஒரு ரூபாய் அனுப்பியதில்லை. அக்கா எங்கள் அம்மா வீட்டில் இருந்துகொண்டு நடவு, களையெடுப்பு, அறுப்பு என்று கிடைத்த வேலைக்கெல்லாம் போகிறாள். வாய்தா என்றால் அன்றைக்குக் கூலி போச்சு, அதோடு பஸ், சாப்பாடு, குமாஸ்தாவுக்கு ஏதாவது. போனால் பாதி நாள் அத்தான் வரமாட்டார், மீதி நாள் அவர் வக்கீல் அவகாசம் கேட்பார். இடைக்கால ஜீவனாம்சத்துக்கும் தனியாக மனு இருக்கிறது, அதுவும் கவுண்டருக்கு (எதிர் தரப்பின் பதில் மனுவுக்கு), விசாரணைக்கு என்று தள்ளிக்கொண்டே வந்தது.

புரட்டாசியில் ஒரு வாய்தா. அன்றைக்கு சம்பா நடவு, ஒப்புக்கொண்ட வயல், விட்டுவிட்டு வர முடியவில்லை. வக்கீல் ஆபீசில் சொல்லிவிட்டுத்தான் நடவுக்குப் போனாள். அடுத்த வாய்தா ஐப்பசிக் கடைசியில். முதல் நாள் ராத்திரி முழுக்க மழை, எங்கள் தெருவிலிருந்து மெயின் ரோட்டுக்கு வருகிற வழியில் முழங்கால் தண்ணீர், சின்னவனுக்கு வேறு காய்ச்சல். ஆபீசுக்குப் போன் செய்தோம். ஜூனியர் எடுத்து, “நான் சொல்லிக்கொள்கிறேன், நீங்கள் வர வேண்டாம்” என்றார். நாங்களும் நம்பிவிட்டோம். அதற்குப் பிறகு எப்போது போன் செய்தாலும் “தேதி வந்தால் சொல்கிறோம்” என்றே பதில்.

பொங்கலுக்கு வந்த ஒரு சொந்தக்காரர்தான் சொன்னார், உங்கள் கேஸ் தள்ளுபடியாகிவிட்டதாமே, அவன் ஊரில் சொல்லிக்கொண்டு திரிகிறான் என்று. ஓடிப்போய்க் கேட்டால் உண்மைதான். ஐப்பசி வாய்தா அன்றே முடித்துவிட்டார்கள். வக்கீல் “பரவாயில்லை, புதிதாக ஒன்று போட்டுவிடலாம்” என்கிறார். அக்கா அன்றிலிருந்து சரியாகச் சாப்பிடவில்லை. மூன்று வருடம் அலைந்தது ஒன்றுமில்லாமல் போய்விட்டதா? புதிதாகப் போடுவதுதான் வழியா?


மன்னை வக்கீல்:

தங்கச்சி, முதலில் அக்காவைச் சாப்பிடச் சொல்லுங்கள். வழக்கு செத்துவிடவில்லை.

தள்ளுபடி என்பதில் இரண்டு வகை உண்டு. இரண்டு பக்கமும் கேட்டு, சாட்சி பார்த்து, உனக்கு உரிமை இல்லை என்று நீதிபதி சொல்வது ஒன்று. மனுதாரர் வரவில்லை என்பதற்காகக் கட்டை மூடி வைப்பது இன்னொன்று. நாங்கள் டீஃபால்ட் டிஸ்மிஸ் என்று சொல்வது இந்த இரண்டாவதை. உங்கள் அக்காவுக்கு ஜீவனாம்சம் உண்டா இல்லையா என்று எந்த நீதிபதியும் இதுவரை முடிவு சொல்லவில்லை. அதனால் அதே வழக்கை மறுபடி கோப்புக்கு எடுக்கச் சொல்லி மனுப் போடலாம். ரெஸ்டோர் பெட்டிஷன் என்று கேளுங்கள், புரியும்.

இப்போது முக்கியமான விஷயம். புதிதாகப் போடலாம் என்று உங்கள் வக்கீல் சொன்னது சட்டப்படி தப்பில்லை, ஜீவனாம்ச உரிமை ஒவ்வொரு மாதமும் புதிதாகப் பிறக்கிற உரிமை. ஆனால் அதில் உங்களுக்குப் பெரிய நஷ்டம் இருக்கிறது. 2020 நவம்பரில் ரஜ்னேஷ் எதிர் நேஹா வழக்கில் உச்ச நீதிமன்றம், ஜீவனாம்சத்தை மனுத் தாக்கல் செய்த தேதியிலிருந்தே கொடுக்க வேண்டும் என்று சொல்லியிருக்கிறது. கணக்குப் போட்டுப் பாருங்கள். மாதம் 5,000 ரூபாய் உத்தரவாகிறது என்று வைத்துக்கொண்டால், பழைய மனு உயிரோடு இருந்தால் 36 மாதப் பாக்கி 1,80,000 ரூபாய். புது மனு என்றால் அது புது தேதியிலிருந்துதான் ஆரம்பிக்கும், அந்த 1,80,000 போய்விடும். பழையதை எடுக்க முடிந்த வரைக்கும் புதிதாகப் போடாதீர்கள்.

இது பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டம் 125ஆம் பிரிவில் போட்ட மனுவாக இருக்கும். 2024 ஜூலை 1 முதல் அந்த இடத்தில் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 144ஆம் பிரிவு வந்துவிட்டது. ஏற்கெனவே நிலுவையில் இருந்தவை பழைய சட்டப்படியே நடக்கும், குழம்ப வேண்டாம்.


பழைய குமாஸ்தா:

முப்பது வருடம் வக்கீல் குமாஸ்தாவாக இருந்து ஓய்வு பெற்றவன். வக்கீல் ஐயா சட்டம் சொல்லிவிட்டார், நான் நடைமுறை சொல்கிறேன்.

காலை பத்தரைக்கு நீதிபதி உட்கார்ந்ததும் வழக்குகளை வரிசையாகக் கூப்பிடுவார்கள். டவாலி வராந்தாவில் நின்று பெயரை மூன்று தடவை சொல்வார். ஆள் இல்லாவிட்டால் பாஸ் ஓவர் என்று ஒதுக்கி வைத்துவிட்டு மற்ற வேலை முடிந்ததும் மறுபடி கூப்பிடுவார்கள். இந்த இடைவெளிதான் உயிர். பஸ் தாமதம் என்றால் அந்த நேரத்துக்குள் வந்து சேர்ந்துவிடலாம், அல்லது யாராவது எழுந்து நின்று, அம்மா வழியில் வந்துகொண்டிருக்கிறார்கள் என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும். அப்படிச் சொல்லவும் ஆள் இல்லை என்றால், பெட்டிஷனர் கால்ட் ஆப்சென்ட், நோ ரெப்ரசென்டேஷன் என்று எழுதி முடித்துவிடுவார்கள். ஒரு கேஸுக்கு அரை நிமிஷம்கூட ஆகாது. வெளியில் மூன்று வருடம், உள்ளே அரை நிமிஷம். நான் எத்தனையோ தடவை பார்த்து மனம் நொந்திருக்கிறேன்.

இப்போது நீங்கள் செய்ய வேண்டியது. நாளைக்கே நீதிமன்றத்தில் நகல் மனுப் போட்டுத் தள்ளுபடி உத்தரவின் சான்றிட்ட நகல் வாங்குங்கள். அதில் எந்தத் தேதி, அன்றைக்கு எதிர் தரப்பு ஆஜரா இல்லையா, முந்தைய வாய்தாவில் கடைசி வாய்ப்பு என்று எழுதியிருக்கிறதா, எல்லாம் இருக்கும். வாயால் சொன்னதை நம்பி அபிடவிட் (பிரமாண வாக்குமூலம்) எழுதக் கூடாது.

அபிடவிட்டில் உண்மையை அப்படியே எழுதுங்கள். புரட்டாசியில் நடவு என்றால் நடவு. நிறையப் பேர் அதை மறைத்துவிட்டு உடம்பு சரியில்லை என்று எழுதுவார்கள், எதிர் வக்கீல் குறுக்கு விசாரணையில் ஒரே கேள்வியில் உடைத்துவிடுவார். ஐப்பசி வாய்தாவுக்குப் பையனைக் காட்டிய ஆரம்ப சுகாதார நிலையத்துச் சீட்டு இருக்கிறதா? அன்றைக்குக் கலெக்டர் பள்ளிக்கூடத்துக்கு லீவு விட்டிருந்தால் அந்தப் பேப்பர் செய்தியை வெட்டி வையுங்கள். பள்ளிக்கு லீவு என்றால் கோர்ட்டுக்கும் லீவு என்று நம் ஜனங்கள் நினைத்துவிடுகிறார்கள், அது கிடையாது. ஜூனியருக்குப் போன் செய்த நேரம் போனில் பதிவாகியிருக்கும், அதையும் படம் எடுத்து வையுங்கள்.


வலங்கைமான் தங்கை:

சீட்டு இருக்கிறது ஐயா. போனில் அன்று காலை 8.50க்கு நான்கு நிமிஷம் பேசியதும் இருக்கிறது. ஆனால் தள்ளுபடியாகி இரண்டரை மாதம் ஆகிவிட்டதே, முப்பது நாளுக்குள் போட வேண்டும் என்று எங்கள் ஊரில் ஒருவர் பயமுறுத்துகிறார்.


மன்னை வக்கீல்:

முப்பது நாள் என்பது சிவில் வழக்குக் கணக்கு. விவாகரத்து, சேர்ந்து வாழக் கோரும் மனு போன்ற, ஹெச்.எம்.ஓ.பி. எனப்படும் இந்து திருமணச் சட்ட மனுக்களுக்கு அது பொருந்தும். ஜீவனாம்ச மனு குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் வருவது, அதில் வராததற்காகத் தள்ளுபடி செய்வதற்கும் திரும்ப எடுப்பதற்கும் தனியாகப் பிரிவே எழுதப்படவில்லை. ஆனாலும் இது முழுக் குற்ற வழக்கும் இல்லை, பசியைப் போக்க வந்த சட்டம் என்று பார்த்து நீதிமன்றங்கள் திரும்ப எடுத்துக்கொண்டுதான் வருகின்றன. இந்தச் சட்டத்தில் ஒரு தடவை போட்ட உத்தரவைத் தொடவே முடியாது என்று எதிர் தரப்பு 362ஆம் பிரிவைக் காட்டும். 2020இல் சஞ்சீவ் கபூர் எதிர் சந்தனா கபூர் வழக்கில், ஜீவனாம்ச விஷயத்தில் அந்தத் தடையை அவ்வளவு இறுக்கமாகப் பிடிக்கக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. உங்கள் வக்கீலிடம் இதையும் முன்பு சொன்ன ரஜ்னேஷ் தீர்ப்பையும் சொல்லுங்கள்.

எதற்கும் தாமத மன்னிப்பு மனுவையும் சேர்த்தே போட்டுவிடுங்கள். இரண்டரை மாதம் தெரியாமல் இருந்ததற்குக் காரணம் உங்களிடம் இருக்கிறது. இன்னும் இரண்டரை மாதம் சும்மா இருந்தால் அதற்குக் காரணம் கிடையாது. தெரிந்த நாளிலிருந்து ஓடியாடியிருக்கிறீர்களா என்றுதான் நீதிபதி பார்ப்பார்.


கடல் கடந்தவன்:

அந்த முப்பது நாளில் அடிபட்டவன் நான், அதனால் எழுதுகிறேன்.

நான் தஞ்சாவூர் மாவட்டம். விவாகரத்து மனுப் போட்டுவிட்டு வேலை கிடைத்து சிங்கப்பூர் வந்துவிட்டேன். வக்கீல் பார்த்துக்கொள்வார் என்று நினைத்தேன், அப்பாவும் அப்படியே சொன்னார். சாட்சி விசாரணைக்கு நான் நேரில் வர வேண்டிய கட்டத்தில் இரண்டு தடவை வரவில்லை. எதிர் தரப்பில் அந்தப் பெண் வந்து நின்றிருக்கிறாள். தள்ளுபடி.

இதில் ஒரு வித்தியாசம் இருக்கிறது, எனக்கு அப்புறம்தான் தெரிந்தது. இரண்டு பேரும் வராமல் தள்ளுபடியானால் அது சிவில் நடைமுறைச் சட்டம் 9ஆம் கட்டளை 3ஆம் விதி, அதே காரணத்துக்குப் புதிதாகவும் மனுப் போடலாம். எதிர் தரப்பு வந்து நின்று நாம் மட்டும் வராவிட்டால் 8ஆம் விதி, அதற்குப் பிறகு அதே காரணத்தை வைத்துப் புது மனுப் போட முடியாது. தள்ளுபடியை நீக்கச் சொல்லி 9ஆம் விதியில் கேட்பது ஒன்றே வழி. அதற்குத்தான் முப்பது நாள். அதுவும் தள்ளுபடியான தேதியிலிருந்து எண்ண வேண்டும், நமக்குத் தெரிந்த தேதியிலிருந்து இல்லை.

எனக்குத் தெரிந்தது பதினான்கு மாதம் கழித்து, லீவில் வந்தபோது. தாமத மனுவைக் கீழே ஏற்கவில்லை. உயர் நீதிமன்ற மதுரைக் கிளை வரைக்கும் போய், எதிர் தரப்புக்குச் செலவுத் தொகை கட்டச் சொல்லி, அப்புறம்தான் திறந்தது. இதில் மொத்தம் இரண்டு வருடம் போனது. என் இரண்டு வருடம் மட்டும் இல்லை, அந்தப் பெண்ணுடைய இரண்டு வருடமும்தான். அதை நினைத்து இப்போதும் எனக்கு வருத்தம் உண்டு. வெளிநாட்டில் இருக்கிற தம்பிகள் யாராவது இதைப் படித்தால், லீவு கிடைக்கிற மாதத்தை முன்கூட்டியே வக்கீலிடம் சொல்லி சாட்சி விசாரணையை அந்த மாதத்துக்குக் கேட்டு வாங்குங்கள்.


நடவுக்காரர்:

எல்லோரும் ஒரு பக்கமாகவே பேசுகிறீர்கள். நானும் விவசாயக் குடும்பம்தான், நடவு நாளில் வர முடியாது என்பது எனக்கும் தெரியும். ஆனால் என் தம்பி விஷயத்தைக் கேளுங்கள். அவன் மேல் அவன் மனைவி போட்ட கேஸ். நீடாமங்கலம் பக்கத்திலிருந்து ஒவ்வொரு வாய்தாவுக்கும் லீவு போட்டுவிட்டுப் போய் நின்றான். அந்தப் பெண் வரவே இல்லை, வக்கீலும் வரவில்லை. கடைசியில் தள்ளுபடி ஆனது. ஒரு வருடம் கழித்து ரெஸ்டோர் என்று மறுபடி நோட்டீஸ். அவன் வேலை போனதற்கு யார் பதில் சொல்வது? கேஸ் போட்டவர்கள்தானே முதலில் வர வேண்டும்? நீதிபதி எத்தனை நாள்தான் வெற்று நாற்காலியைக் கூப்பிட்டுக்கொண்டே இருப்பார்?


பழைய குமாஸ்தா:

தம்பி சொல்வதில் நியாயம் இருக்கிறது, நான் மறுக்கவில்லை. வேண்டுமென்றே வராமல் இழுத்தடித்தவர்களையும் பார்த்திருக்கிறேன். எதிராளிக்கு நோகட்டும் என்று கேஸைப் போட்டுவிட்டு அந்தப் பக்கமே தலைகாட்டாதவர்கள் உண்டு. அவர்கள் கட்டை மூடத்தான் வேண்டும். உங்கள் தம்பிக்கு அந்த ரெஸ்டோர் மனுவில் எதிர்ப்புச் சொல்ல உரிமை உண்டு. இத்தனை வாய்தா வந்தேன், இத்தனை நாள் சம்பளம் போனது என்று தேதி வாரியாக எழுதி, திறப்பதாக இருந்தால் செலவுத் தொகை கட்டச் சொல்லுங்கள் என்று கேட்கலாம். கொடுப்பார்கள்.

ஆனால் ஒன்று. முப்பது வருடத்தில் நான் பார்த்த தள்ளுபடிகளில், வேண்டுமென்றே வராதவர்களைவிடத் தேதி தெரியாமல் வராதவர்கள்தான் அதிகம். தேதி தெரியாதது அவர்கள் குற்றமும் இல்லை. அட்டையில் தேதி எழுதிக் கொடுக்க வேண்டிய நாங்கள் எழுதிக் கொடுக்காமல் இருந்திருக்கிறோம். என் கையாலும் அப்படி நடந்திருக்கிறது. ஒரு அம்மா திருவோணம் பக்கத்திலிருந்து வருவார், 17ஆம் தேதியை 27 என்று எழுதிவிட்டேன். அவர் 27ஆம் தேதி காலை எட்டு மணிக்கே வந்து வாசலில் உட்கார்ந்திருந்தார். நான் போய்ச் சொன்னபோது அவர் என்னைத் திட்டவில்லை, சரிங்க, நாளைக்கு வரட்டுமா என்று கேட்டார். எங்கள் வக்கீல் அந்த வாரமே மனுப் போட்டு எடுத்துக் கொடுத்துவிட்டார், ஆனாலும் அந்தக் கேள்வி என்னை விடவில்லை.


மன்னை வக்கீல்:

வக்கீல் செய்த தவறுக்குக் கட்சிக்காரரைத் தண்டிக்கக் கூடாது என்று 1981இலேயே ரஃபீக் எதிர் முன்ஷிலால் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. கிராமத்து ஆள் வக்கீலை நியமித்துப் பீஸும் கட்டிவிட்டால், அதற்கு மேல் நீதிமன்றத்தில் என்ன நடக்கிறது என்று அவர் காவல் காத்துக்கொண்டிருக்க முடியாது என்பதுதான் அதன் சாரம். அபிடவிட்டில் இதை எழுதத் தயங்க வேண்டாம். வக்கீலைப் பகைத்துக்கொள்ள வேண்டுமே என்று பயந்தால், வக்காலத்தை மாற்றிக்கொண்டு புது வக்கீல் மூலம் போடுங்கள்.

குடும்ப நீதிமன்றத்தில் இன்னொரு சிக்கல். 1984ஆம் வருட குடும்ப நீதிமன்றச் சட்டத்தின் 13ஆம் பிரிவுப்படி அங்கே வக்கீல் வைத்துக்கொள்வது உரிமையாகக் கிடைப்பதில்லை, நீதிமன்றம் அனுமதித்தால் உண்டு. அந்தச் சட்டத்தின் எண்ணமே கணவன் மனைவி நேரில் வந்து, கவுன்சிலரிடம் உட்கார்ந்து பேசி, முடிந்தால் சமாதானமாக வேண்டும் என்பது. அதனால் மற்ற சிவில் கேஸ் மாதிரி வக்கீல் மட்டும் நின்று தேதி வாங்கிவிட்டு வர முடியாது, ஆளே வர வேண்டிய வாய்தாக்கள் அதிகம். நல்ல எண்ணம்தான். ஆனால் கோடியக்கரைப் பக்கத்திலிருந்து வருகிற பெண்ணுக்கு அந்த நல்ல எண்ணத்துக்கு விலை இரண்டு பஸ் மாறுவதும் ஒரு நாள் கூலியும்.


திருத்துறைப்பூண்டி அம்மா:

என் மகளுக்கு இதற்கு நேர் எதிராக நடந்தது. நாங்கள் வராததால் எங்கள் கேஸ் தள்ளுபடியாகவில்லை, அவர்கள் போட்ட கேஸில் நாங்கள் வரவில்லை என்று எக்ஸ்பார்ட்டியாக விவாகரத்தே கொடுத்துவிட்டார்கள். மாப்பிள்ளை கோயம்புத்தூரில் மனுப் போட்டிருக்கிறார். சம்மன் அவள் முன்பு வாடகைக்கு இருந்த கோயம்புத்தூர் வீட்டுக்கே போயிருக்கிறது, கதவில் ஒட்டியதாக ரிப்போர்ட். அவளோ எங்களோடு இங்கே இருந்தாள். எங்களுக்கு எப்படித் தெரிந்தது என்றால், ரேஷன் கார்டிலிருந்து அவள் பெயரை எடுக்க அவர் விண்ணப்பம் போட்டார், அங்கே கேட்டபோது தீர்ப்பு நகலைக் காட்டினார்கள். என் மகள் அந்த இடத்திலேயே உட்கார்ந்துவிட்டாள்.

இங்கே தாலுகா சட்டப்பணிகள் குழுவில் போய்ச் சொன்னோம். பெண்களுக்கு வருமானம் எவ்வளவு இருந்தாலும் இலவசமாக வக்கீல் தர வேண்டும் என்று சட்டமே இருக்கிறதாம், எங்களுக்கு அதுவரைக்கும் தெரியாது. 9ஆம் கட்டளை 13ஆம் விதியில் போட்டார்கள். சம்மன் சரியாகச் சேராவிட்டால் தீர்ப்பு நமக்குத் தெரிந்த நாளிலிருந்து முப்பது நாள் கணக்காம். சிங்கப்பூர்த் தம்பிக்கு நடந்ததற்கு இது வேறு. எங்களுக்குத் தெரிந்து பன்னிரண்டாவது நாள் போட்டுவிட்டோம், தீர்ப்பை நீக்கிவிட்டார்கள். அதற்குப் பிறகு கோயம்புத்தூருக்கு அலைய முடியாது என்று உயர் நீதிமன்றத்தில் மனுப் போட்டு வழக்கை இந்தப் பக்கமே மாற்றி வாங்கினோம்.

வலங்கைமான் தங்கச்சிக்கு ஒன்று சொல்கிறேன். அக்கா மேல் அவர் ஏதாவது கேஸ் போட்டிருக்கிறாரா என்றும் பார்த்துவிடம்மா. தள்ளுபடியானதை ஊரெல்லாம் சொல்லிக்கொண்டு திரிகிறவர் சும்மா இருக்க மாட்டார்.


மன்னை வக்கீல்:

அம்மா சொன்னது மிகச் சரி. ஒரு சின்னத் திருத்தம், சம்மன் சேர்ந்ததில் ஏதோ குறை இருந்தது என்பது மட்டும் போதாது. வழக்கு நடப்பதும் தேதியும் முன்பே தெரிந்திருந்தது என்று எதிர் தரப்பு காட்டிவிட்டால் தீர்ப்பை நீக்க மாட்டார்கள். உங்கள் மகளுக்கு நிஜமாகவே தெரியாது என்பதால் சுலபமாக நடந்தது. அதே மாதிரி ஜீவனாம்ச வழக்கில் கணவர் வராமல் எக்ஸ்பார்ட்டியாக உத்தரவு போட்டால், அவர் அதை நீக்கக் கேட்க மூன்று மாதம் உண்டு.

மேல்முறையீட்டுக்கு எங்கே போவது என்று தனிச்செய்தியில் ஒருவர் கேட்டிருந்தார். தஞ்சாவூர் மாவட்ட வழக்குகள் மதுரைக் கிளைக்குப் போகும். திருவாரூர், நாகப்பட்டினம், மயிலாடுதுறை சென்னைக்குப் போகும். வலங்கைமான்காரர்களுக்குக் கும்பகோணம் கூப்பிடு தூரம், ஆனால் மாவட்டம் திருவாரூர், அதனால் சென்னை.


மயிலாடுதுறை வாசகர்:

நாங்கள் இருவரும் பேசி முடிவு செய்து சம்மத விவாகரத்துக்குப் போட்டோம். ஆறு மாதம் கழித்து அவர் வரவில்லை. வராவிட்டால் சம்மதம் என்று எடுத்துக்கொண்டு தீர்ப்புக் கொடுத்துவிடுவார்களா?


மன்னை வக்கீல்:

கொடுக்க மாட்டார்கள். இந்து திருமணச் சட்டம் 13பி பிரிவில் முதல் மனுவுக்குப் பிறகு ஆறு மாதத்திலிருந்து பதினெட்டு மாதத்துக்குள் இருவரும் சேர்ந்து வந்து இரண்டாவது தடவை சொல்ல வேண்டும். தீர்ப்பு நாள் வரைக்கும் சம்மதத்தைத் திரும்பப் பெறலாம் என்று 1991இல் சுரேஷ்டா தேவி வழக்கில் சொல்லியாகிவிட்டது. ஒருவர் வராமலே இருந்தால் மனு தள்ளுபடியாகும், அதற்குப் பிறகு தனியாகக் காரணம் சொல்லித்தான் போட முடியும். அந்த ஆறு மாதத்தைத் தகுந்த வழக்கில் குறைக்கலாம் என்று 2017இல் உச்ச நீதிமன்றம் சொன்னதும் இருவரும் வந்து கேட்டால்தான் பயன்படும்.


பழைய குமாஸ்தா:

இன்னொன்று விட்டுப்போயிற்று. ஒவ்வொரு வழக்குக்கும் சி.என்.ஆர். என்று பதினாறு எழுத்தும் எண்ணும் கொண்ட ஒரு அடையாளம் உண்டு. போனில் ஈகோர்ட்ஸ் சர்வீசஸ் ஆப்பை இறக்கி அதைப் போட்டால் அடுத்த தேதி, என்ன கட்டம், முடிந்துவிட்டதா என்று எல்லாம் தெரியும். பெரியவள் ஏழாவது படிக்கிறாள் என்றீர்களே, அந்தப் பிள்ளையே பார்த்துச் சொல்லிவிடும். வக்கீல் மேல் சந்தேகப்பட வேண்டும் என்று சொல்லவில்லை, தேதி நம் கையிலும் இருக்கட்டும். வக்கீலே கிடைக்காவிட்டால் 15100க்குப் போன் செய்யுங்கள், சட்டப்பணிகள் ஆணையத்தின் எண்.

அப்புறம், உத்தரவு கிடைத்த பிறகு சும்மா இருந்துவிடாதீர்கள். பாக்கி விழுந்த தேதியிலிருந்து ஒரு வருடத்துக்குள் வசூல் மனுப் போட வேண்டும், விட்டால் அந்தப் பாக்கிக்கு வாரண்ட் கேட்க முடியாது. வசூல் மனுவும் வாய்தாவுக்குப் போகாவிட்டால் தள்ளுபடியாகும்.


வலங்கைமான் தங்கை:

பங்குனி பிறந்துவிட்டது, இவ்வளவு நாள் கழித்து எழுதுவதற்கு மன்னியுங்கள்.

குமாஸ்தா ஐயா சொன்ன மறுநாளே நகல் மனுப் போட்டோம். நகல் வந்தபோது பார்த்தால் ஐப்பசி வாய்தாவில் அத்தான் தரப்பும் வரவில்லை, இரண்டு பக்கமும் இல்லை என்றுதான் எழுதியிருக்கிறது. ஊரில் அவர் கேஸை ஜெயித்ததாகச் சொல்லிக்கொண்டிருந்தார், அவரும் அன்றைக்கு வரவே இல்லை. பழைய வக்கீலிடம் சண்டை போடவில்லை, கேஸ் கட்டை மட்டும் கேட்டு வாங்கிக்கொண்டோம். சட்டப்பணிகள் குழுவில் ஒரு அம்மா வக்கீலை நியமித்தார்கள். அபிடவிட்டில் நடவு, மழை, காய்ச்சல், போன் எல்லாமே உள்ளபடி எழுதினோம். அக்கா தமிழில் வாசித்துக்காட்டச் சொல்லிக் கேட்டுவிட்டுத்தான் கையெழுத்துப் போட்டாள். அக்கா மேல் அத்தான் வேறு கேஸ் எதுவும் போடவில்லை என்றும் பார்த்துவிட்டோம்.

விசாரணை அன்று எதிர் வக்கீல், நடவுக்குப் போக நேரம் இருந்தது, கோர்ட்டுக்கு வர நேரம் இல்லையா என்று கேட்டார். அக்கா பயந்தவள், பேச மாட்டாள் என்று நான் நடுங்கிக்கொண்டிருந்தேன். அவள் சொன்னாள், “ஐயா, அன்னிக்கு நட்ட கூலியிலதான் மறு வாய்தாவுக்கு வர பஸ் காசு வச்சிருந்தேன்.” நீதிபதி அதற்கு மேல் ஒன்றும் கேட்கவில்லை. போன வாரம் உத்தரவு. பழைய எண்ணிலேயே வழக்கைத் திரும்ப எடுத்துக்கொண்டார்கள், செலவுத் தொகை எதுவும் போடவில்லை. இடைக்கால ஜீவனாம்ச மனுவையும் முதலில் எடுத்து முடிக்கச் சொல்லி அம்மா வக்கீல் கேட்டிருக்கிறார், இருவரும் வருமான விவர அபிடவிட் போட வேண்டுமாம். அத்தான் சம்பளச் சீட்டு கிடைக்காது, ஆனால் அவர் ஓவர்டைம் பார்க்கிற கம்பெனிப் பெயர் எங்களுக்குத் தெரியும்.


கடல் கடந்தவன்:

படித்ததும் நிம்மதியாக இருந்தது தங்கச்சி. அக்காவிடம் சொல்லுங்கள்.


நடவுக்காரர்:

நல்ல செய்தி. நான் அன்றைக்கு எழுதியது உங்கள் அக்காவை நினைத்து இல்லை. தம்பி வழக்கில் குமாஸ்தா ஐயா சொன்ன மாதிரி வாய்தா தேதிகளை எழுதிக் கொடுத்தோம், 3,000 ரூபாய் செலவுத் தொகை கட்டச் சொல்லித் திறந்திருக்கிறார்கள். அடுத்த வாய்தா எப்போது உங்களுக்கு?


வலங்கைமான் தங்கை:

ஜூன் மூன்றாவது வாரம், அண்ணா. மேட்டூர் 12ஆம் தேதி திறந்தால் இங்கே குறுவை நடவு மும்முரமாக இருக்கிற நேரம். நடவுக்கு ஆள் சேர்க்கிற பெண்ணிடம் என் அக்கா இப்போதே போய், அந்த ஒரு நாள் மட்டும் தன்னை எண்ணிக்கொள்ள வேண்டாம் என்று சொல்லிவிட்டு வந்துவிட்டாள். தேதியைப் பெரியவள் காலண்டரில் சிவப்பு மையால் வட்டம் போட்டிருக்கிறாள், சி.என்.ஆர். எண்ணை அதற்குக் கீழேயே எழுதி வைத்திருக்கிறாள்.